இரக்கம் கேட்காத ராணி

1971-ஆம் ஆண்டில் கிளெண்டா ஜாக்சன் ஒரே ராணியாக இரண்டு முறை நடித்தார். பிப்ரவரி 17 தொடங்கி ஆறு புதன்கிழமைகள் பிபிசியின் இரண்டாம் அலைவரிசையில் ஒளிபரப்பான ‘எலிசபெத் ஆர்’ தொடரில் அவர் இங்கிலாந்தின் முதலாம் எலிசபெத். ஆண்டு முடிவதற்குள் ‘மேரி, ஸ்காட்லாந்து ராணி’ திரைப்படத்திலும் அதே எலிசபெத். எதிரே மேரியாக வெனெஸா ரெட்கிரேவ். படத்தில் இரண்டு ராணிகளும் நேருக்கு நேர் நின்று வார்த்தைகளால் வெட்டிக்கொள்கிறார்கள். பார்க்கச் சுவையாகத்தான் இருக்கிறது. ஆனால், வரலாற்றில் அவர்கள் ஒருமுறைகூடச் சந்தித்ததில்லை. எலிசபெத்தின் காவலில் ஏறக்குறைய பத்தொன்பது ஆண்டுகள் கிடந்து, 1587 பிப்ரவரி 8 அன்று தலை வெட்டப்பட்ட மேரி, தன்னைச் சிறைவைத்தவரின் முகத்தைப் பார்க்காமலேயே போய்விட்டார். அந்தச் சந்திப்பை 1800-இல் ஜெர்மன் நாடகாசிரியர் ஷில்லர் கற்பனை செய்தார். 2018-இல் இதே கதையை மீண்டும் எடுத்தவர்களாலும் அந்த ஆசையை விட முடியவில்லை.

தொலைக்காட்சித் தொடர் அந்த ஆசைக்கு இடம் கொடுக்கவில்லை. அதன் நான்காம் பகுதியில் மேரி ஓரிடத்தில், எலிசபெத் வேறோரிடத்தில்; இருவருக்கும் நடுவே உளவாளிகள், சங்கேதக் கடிதங்கள், உளவுத்துறையைக் கட்டி ஆண்ட வால்சிங்காம். அரசியல் பெரும்பாலும் இப்படித்தான் நடக்கிறது: ஒருவரின் உயிரைப் பறிக்கும் முடிவை எடுப்பவர், அந்த உயிர் இருக்கும் ஊருக்குக்கூடப் போவதில்லை. மரண ஆணையில் கையெழுத்தும் போட்டுவிட்டு, அதை அனுப்பிய குற்றத்துக்காகத் தன் செயலாளர் டேவிசனைச் சிறையில் தள்ளிய ராணியைப் புரிந்துகொள்ள, மேரியோடு ஒரு வாய்ச்சண்டை தேவையே இல்லை.

வரலாற்று மனிதர்களைக் காட்டுவதில் சின்னத்திரை பெரிய திரையை முந்திய இடம் இது. இத்தனைக்கும் அன்றைய பிபிசியிடம் பணம் பெரிதாக இல்லை. உள்காட்சிகளை ஸ்டுடியோவில் பல கேமராக்கள் வைத்து வீடியோ நாடாவில் பிடித்தார்கள். வெளிப்புறக் காட்சிகளுக்கு மட்டும் பிலிம். இன்று போட்டுப் பார்த்தால் சுவர்கள் சற்றே அட்டையாகத் தெரியும். வெளிச்சம் எங்கும் ஒரே சீராக அடிக்கும். ஸ்பெயினின் மாபெரும் கப்பற்படை வந்து சிதறிய 1588-ஐச் சொல்லும் பகுதியில், போர் பெரும்பாலும் அறைகளுக்குள் வந்துசேரும் செய்திகளாகவே நடக்கிறது. அது குறையாகப் படுவதில்லை. ராணிக்கும் அந்தப் போர் அப்படித்தானே வந்திருக்கும்? எந்தச் செய்தி உண்மை, எது வதந்தி என்று தெரியாமல் காத்திருப்பதே அவருடைய போர்.

தயாரிப்பாளர் ரோடரிக் கிரகாம் ஆறு பகுதிகளையும் ஆறு எழுத்தாளர்களிடம் கொடுத்தார். ஒவ்வொன்றும் ஒன்றரை மணி நேரத்தைத் தொடும் தனி நாடகம். கப்பற்படைப் பகுதியை எழுதிய ஜான் பிரெபில் வரலாற்று நூல்களுக்காகப் பெயர் பெற்றவர். திருமணப் பேச்சுகளின் பகுதி ரோஸ்மேரி ஆன் சிஸ்ஸனுடையது. பிரெஞ்சு இளவரசன் அலான்சோன் பெண் கேட்டு வந்த கதை ஜூலியன் மிட்செலுடையது. ஆறு கைகள் எழுதினால் பாத்திரம் ஆறாக உடைந்துவிடும் என்று பயப்படலாம். இங்கே அதுவே பலமானது. பதினைந்து வயதில் விசாரணை அதிகாரிகளுக்குப் பதில் சொல்லும் பெண்ணும், ஐம்பத்து நான்கில் படையைப் பார்வையிடப் போகும் பெண்ணும் ஒரே ஆள் என்று நம்பவைக்கும் பொறுப்பு முழுவதும் நடிகையின் தலையில் விழுந்தது. ஒன்பது மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவான அந்தத் தொடரில், முதல் பகுதியிலிருந்து மரணம் வரை, பதினைந்திலிருந்து அறுபத்தொன்பது வரை, ஜாக்சன் மட்டுமே எலிசபெத். அப்போது அவருக்கு வயது முப்பத்து நான்கு.

ஓவியங்களில் காணும் அந்த உயர்ந்த நெற்றிக்காக அவர் முன்தலையை மழித்துக்கொண்டார். ஒட்டுத்தோல் போதும் என்று இருந்திருக்கலாம், இருக்கவில்லை. உடைகளை எலிசபெத் வாலர் பழைய ஓவியங்களைப் பார்த்து வடிவமைத்தார். பகுதிக்குப் பகுதி அந்த உடைகள் கனத்துக்கொண்டே போகின்றன. கழுத்துப் பட்டை விரிகிறது, முத்துகள் பெருகுகின்றன, முகத்தில் வெள்ளைப் பூச்சு தடிக்கிறது. உள்ளே இருக்கும் உடம்பு சுருங்கச் சுருங்க வெளியே இருக்கும் ராணி பெருக்கிறாள். 1599 செப்டம்பரில் எசெக்ஸ் பிரபு அயர்லாந்திலிருந்து அனுமதியின்றித் திரும்பி, சேறு படிந்த உடையோடு ராணியின் படுக்கையறைக்குள் நுழைந்து, பொய்முடி இல்லாத தலையைப் பார்த்துவிட்ட கதை இங்கிலாந்தில் எல்லோருக்கும் தெரியும். ஆறு வாரமாக அந்த ஒப்பனை ஏறுவதைப் பார்த்துவந்த ரசிகருக்கு மட்டும் அது வெறும் அரண்மனைக் கிசுகிசுவாக இருக்காது. ஓர் அரசு தன் அலங்காரம் கலைந்து அகப்பட்டுக்கொண்ட கணம் அது.

ஆனால் இந்த நடிப்பை உயரத்தில் வைப்பது ஒப்பனை இல்லை. ஜாக்சனின் எலிசபெத் பார்ப்பவரிடம் எதையும் கேட்பதில்லை. ‘நான் பாவம், என்னைப் புரிந்துகொள்ளுங்கள்’ என்ற கெஞ்சல் அந்தக் கண்ணில் ஓரிடத்திலும் இல்லை. குரல் கத்தரி வைத்தாற்போல் சொற்களை நறுக்கும். எதிரில் இருப்பவர் வாக்கியத்தை முடிப்பதற்குள் இவர் யோசித்து முடித்துவிட்டது முகத்தில் தெரியும். ராபர்ட் ஹார்டி நடித்த அரசவையாளர் டட்லியின்மேல் அவருக்கு உள்ளது காதல்தான், சந்தேகமில்லை. ஆனாலும் அவரோடு பேசும்போதுகூட மனத்தின் ஒரு மூலையில் கணக்குப் புத்தகம் திறந்தே இருக்கிறது.

இந்த இடத்தில்தான் பின்னால் வந்த பல எலிசபெத்துகள் சறுக்கினார்கள். 2005-இல் டாம் ஹூப்பர் இயக்கத்தில் ஹெலன் மிரன் நடித்த இரண்டு பகுதித் தொடரை எடுத்துக்கொள்ளலாம். மிரனின் நடிப்பில் குறை சொல்ல ஒன்றுமில்லை. எம்மி விருது தகுதியானவருக்கே போனது. எழுத்து செய்த வேலை வேறு: முதல் பகுதி லெஸ்டர் பிரபுவாகிவிட்ட டட்லிக்கு, இரண்டாம் பகுதி எசெக்ஸுக்கு. நாற்பத்து நான்கு ஆண்டு ஆண்ட ஒருவரின் பிற்காலத்தை இரண்டு ஆண்களை வைத்து அளந்துவிட்டார்கள். ராஜாக்களைப் பற்றிய தொடர்களில் போரும் பஞ்சமும் வரியும் வரும். ராணிகளைப் பற்றிய தொடர்களில் யாரோடு யார் என்பதே வரும். இந்தப் பழக்கம் எந்த நாட்டுத் தொலைக்காட்சிக்கும் புதிதில்லை.

‘எலிசபெத் ஆர்’ தொடரிலும் காதல் உண்டு, கல்யாணப் பேச்சு உண்டு. ஆனால் அங்கே கல்யாணம் என்பது வெளியுறவுத் துறை. அலான்சோன் வந்தபோது அவனுக்கு இருபத்து நான்கு, ராணிக்கு நாற்பத்தைந்து கடந்துவிட்டது. பிரான்சைக் கைக்குள் வைத்தால் ஸ்பெயின் அடங்கும். கத்தோலிக்கனைக் கட்டிக்கொண்டால் சொந்த ஊரே கொதிக்கும். அந்தத் திருமணத்தை எதிர்த்துத் துண்டு நூல் எழுதிய ஜான் ஸ்டப்ஸின் வலது கையை 1579-இல் வெட்டினார்கள். இப்படிப்பட்ட பேரத்தில் ஒரு பெண்ணுக்குக் கொஞ்சம் உண்மையான ஆசையும் கலந்துவிட்டால் என்ன ஆகும் என்பதே மூன்றாம் பகுதி. அமெரிக்காவில் ‘மாஸ்டர்பீஸ் தியேட்டர்’ வரிசையில் தொடர் ஒளிபரப்பான 1972-இல், சிறந்த நாடகத் தொடர் உட்பட ஐந்து எம்மி விருதுகளை அது வாங்கியது. அவற்றில் இரண்டு ஜாக்சனுக்கு. ஒன்று முழுத் தொடருக்காக. மற்றொன்று இந்த மூன்றாம் பகுதிக்காகவே.

தொடரில் இல்லாதவையும் உண்டு. அதன் கண் அரண்மனைக்கு வெளியே அதிகம் போவதில்லை. ஜான் ஹாக்கின்ஸின் அடிமை வியாபாரப் பயணத்துக்கு 1564-இல் தன் சொந்தக் கப்பலையே கொடுத்த ராணியைத் தேடி அங்கே போகக் கூடாது. எசெக்ஸ் கலகம் செய்வதற்குச் சில வாரங்கள் முன்பு, 1600 டிசம்பர் 31 அன்று, லண்டன் வணிகர்கள் சிலருக்கு எலிசபெத் ஒரு சாசனம் எழுதிக் கொடுத்தார். 1639-இல் சோழமண்டலக் கரையில் கோட்டை கட்ட இடம் வாங்கிய கிழக்கிந்தியக் கம்பெனிக்கு அதுதான் தாய்ப்பத்திரம். எசெக்ஸின் தலை விழுந்த கதையை அரை நூற்றாண்டாகத் திரும்பத் திரும்பச் சொல்பவர்கள், உலகத்தை மாற்றிய அந்தத் தாளுக்கு ஒரு முழுப் பகுதி ஒதுக்கியிருந்தால் என்ன என்று சென்னைவாசிக்குத் தோன்றுவது இயல்பு.

ஜாக்சனுக்கு வரலாற்று வேடங்கள் எலிசபெத்தோடு தொடங்கவில்லை. லிவர்பூலுக்கு எதிர்க்கரையில் உள்ள பர்க்கன்ஹெட்டில் 1936-இல் கொத்தனார் ஒருவரின் மகளாகப் பிறந்தவர் அவர். பதினாறு வயதில் பள்ளியை விட்டு, இரண்டு ஆண்டுகள் பூட்ஸ் மருந்துக்கடையில் வேலை பார்த்து, பிறகு உதவித்தொகையில் லண்டன் நாடகப் பள்ளிக்குப் போனார். முதலில் அவரைப் பற்றிப் பேசவைத்தது பீட்டர் புரூக்கின் ‘மாரா/சாட்’ நாடகம். பிரெஞ்சுப் புரட்சித் தலைவர் மாராவைக் குத்திக் கொன்ற ஷார்லட் கோர்டேயாக நடிக்கும் மனநலக் காப்பக நோயாளி வேடம். பிறகு திரைப்படங்களில் நெல்சனின் காதலி எம்மா ஹாமில்டன், நடிகை சாரா பெர்னார். பெர்னார் படம் தேறவில்லை. மேதையின் வாழ்க்கையைக் கைதட்டல்களின் வரிசையாக எடுத்தால் யார் நடித்தாலும் அது தேறாது.

தன் ராணி வேடத்தின் புகழை அவரே கட்டிக்காக்கவும் இல்லை. ‘எலிசபெத் ஆர்’ வந்த அதே ஆண்டில் மோர்காம்ப், வைஸ் என்ற இரட்டையரின் நகைச்சுவை நிகழ்ச்சியில் கிளியோபாட்ராவாக வந்து ஊரையே சிரிக்கவைத்தார். அந்த நிகழ்ச்சியைப் பார்த்த இயக்குநர் மெல்வின் ஃபிராங்க் அவருக்கு ஒரு நகைச்சுவைப் படம் கொடுத்தார். அதில் கிடைத்தது இரண்டாவது ஆஸ்கர். இரண்டு முறையும் விருது வாங்க விழாவுக்கு அவர் போகவில்லை.

எண்பதுகளில் தொலைக்காட்சி அவரிடம் கொண்டுவந்த உண்மை மனிதர்கள் இன்னும் கடினமானவர்கள். காரணம், அவர்கள் உயிரோடு இருந்தார்கள். 1981-இல் நடிகை பட்ரீசியா நீலின் கதை. 1965-இல், கருவுற்றிருந்தபோது, மூளையில் அடுத்தடுத்து ஏற்பட்ட ரத்தக்கசிவால் பேச்சும் நடையும் இழந்து, எழுத்தாளர் ரோல்ட் டால் என்ற கணவரின் இரக்கமற்ற பயிற்சியால் மீண்டவர் நீல். டாலாக டர்க் போகார்ட் நடித்தார். இது எளிதில் கண்ணீர்க் கதையாகிவிடக்கூடிய பொருள். சொல் கிடைக்காமல் திணறும் நடிகையாக நடிப்பது, சொல்லையே ஆயுதமாகக் கொண்ட ஜாக்சனுக்குத் தலைகீழ்ச் சோதனை. அவர் நோயைவிட நோயாளியின் கோபத்தைத்தான் முன்னால் வைத்தார். படம் ஒரு திருமணத்தின் வெற்றியைச் சொன்னது. இரண்டே ஆண்டில் அந்தத் தம்பதி பிரிந்துவிட்டார்கள். வாழும் மனிதர்களைத் திரையில் எழுதினால் முடிவுரை எழுத்தாளர் கையில் இருப்பதில்லை.

1984-இல் எச்பிஓ எடுத்த ‘சகாரவ்’ இதைவிடக் கூர்மையான உதாரணம். சோவியத் ஒன்றியத்தின் ஹைட்ரஜன் குண்டை உருவாக்கியவர்களில் ஒருவரும் பிறகு மனித உரிமைப் போராளியுமான ஆண்ட்ரே சகாரவாக ஜேசன் ரோபார்ட்ஸ், அவர் மனைவி யெலினா போனராக ஜாக்சன். படம் ஒளிபரப்பான நேரத்தில் சகாரவ் கார்க்கி நகரத்தில் காவலில் இருந்தார். மனைவிக்கு வெளிநாட்டில் சிகிச்சை பெற அனுமதி கேட்டு அதே ஆண்டில்தான் உண்ணாவிரதம் இருந்தார். 1986 டிசம்பரில் கோர்பச்சேவ் விடுவிக்கும்வரை கதைக்கு முடிவில்லை. போனரை நோபல் பரிசாளரின் துணைவியாக மட்டும் காட்டியிருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். ஆனால் பரிசை வாங்க 1975-இல் சகாரவை வெளியே விடாதபோது ஆஸ்லோ போய் அவர் உரையை வாசித்தது போனர். இரண்டாம் உலகப் போரில் செவிலியாக இருந்து காயம்பட்டவரும் அவர். ஜாக்சனின் குரலுக்கு அந்தப் பெண் பொருந்தியதில் வியப்பில்லை.

இன்றைய வரலாற்றுத் தொடர்களின் அரசி ‘தி கிரவுன்’. 2016 முதல் 2023 வரை ஆறு பருவங்கள், அறுபது பகுதிகள், இரண்டாம் எலிசபெத்தாக முதலில் கிளேர் ஃபாய், பிறகு ஒலிவியா கோல்மன், கடைசியாக இமெல்டா ஸ்டான்டன். அரண்மனைகள் அரண்மனைகளாகவே இருக்கின்றன. அட்டைச் சுவர் இல்லை. 2020 இறுதியில் பிரிட்டனின் பண்பாட்டு அமைச்சர் ஆலிவர் டவுடன், இது கற்பனை என்று அறிவிப்புப் போட வேண்டும் என்றார். அந்தச் சண்டை தேவையற்றது. இல்லாத உரையாடலை எழுதாமல் வரலாற்று நாடகமே எழுத முடியாது. அந்தத் தொடரின் சிக்கல், ஒவ்வொரு பகுதியிலும் யாராவது ஒருவரின் பழைய காயத்தைத் திறந்து காட்டி, பார்ப்பவரைத் தடவிக்கொடுக்க அழைப்பதுதான். அதிகாரத்தில் இருப்பவர்களுக்கு அனுதாபம் தேடித் தருவது பத்திரிகைத் தொடர்பாளர்களின் வேலை. நாடகக்காரர்களும் அதைச் செய்ய வேண்டியதில்லை.

ஃபாயே இதற்குச் சாட்சி. ‘தி கிரவுன்’ தொடங்குவதற்கு ஓராண்டு முன்பு, 2015-இல், ஹிலாரி மன்டெலின் நாவல்களிலிருந்து பிபிசி எடுத்த ‘உல்ஃப் ஹால்’ தொடரில் அவர் ஆன் பொலின். முதலாம் எலிசபெத்தின் தாய். அதிலும் ஆறே பகுதிகள். அதில் ஃபாய் சிடுசிடுக்கிறார், கணக்குப் போடுகிறார், கொலைமேடை ஏறும்வரை யாரிடமும் பரிவு கேட்பதில்லை. ராணி மகுடத்தில் அவர் புகழ் பெற்றார். நடிப்பு என்று பார்த்தால் பொலின் பக்கமே தட்டு தாழும்.

ஜாக்சன் 1992-இல் கேமராவை விட்டுவிட்டுத் தொழிலாளர் கட்சியின் சார்பில் ஹாம்ப்ஸ்டெட் அண்டு ஹைகேட் தொகுதியில் நின்று வென்றார். 1997 முதல் இரண்டு ஆண்டுகள் போக்குவரத்துத் துறையில் இளைய அமைச்சர். இராக் போரில் தன் கட்சிப் பிரதமரையே எதிர்த்தார். 2010-இல் வெறும் 42 வாக்குகளில் தப்பினார். 2015-இல் ஓய்வு பெற்று, எண்பதாவது வயதில் லண்டன் ஓல்ட் விக் அரங்கில் லியர் மன்னனாக ஏறினார். 2019-இல் பிபிசியின் ‘எலிசபெத் இஸ் மிஸ்ஸிங்’ படத்தில் நினைவு மங்கும் மூதாட்டி. அதற்கு பாஃப்டா விருது. கடைசிப் படத்திலும் ஓர் உண்மை மனிதர்தான்: நார்மண்டி நினைவு நாளுக்காக முதியோர் இல்லத்திலிருந்து நழுவிப் பிரான்ஸ் போன போர்வீரர் பெர்னார்ட் ஜார்டனின் மனைவி. 2023 ஜூன் 15 அன்று அவர் இறந்து நான்கு மாதங்களுக்குள் அது திரைக்கு வந்தது.

இடையிலிருந்த இருபத்து மூன்று அரசியல் ஆண்டுகளை அவருடைய நடிப்பு வாழ்க்கையின் இடைவெளி என்று எழுதுவது வழக்கம். 2013 ஏப்ரல் 10 அன்று நடந்ததைப் பார்த்தால் அப்படித் தோன்றாது. இரண்டு நாள் முன்பு இறந்த மார்கரெட் தாட்சருக்கு நாடாளுமன்றம் அஞ்சலி செலுத்திக்கொண்டிருந்தது. கட்சி பேதமில்லாமல் புகழ்மாலை. ஜாக்சன் எழுந்து, தாட்சர் ஆட்சியில் ஒட்டுநாடாவின் தயவில் நின்ற வகுப்பறைச் சுவர்ப்பூச்சையும், மருத்துவமனைகளையும், வீடிழந்தவர்கள் படுத்துக் கிடந்த கடைவாசல்களையும் சொல்லத் தொடங்கினார். நாட்டின் முதல் பெண் பிரதமர் என்ற பெருமைக்கு வந்தபோது, தன் அளவுகோலில் அவர் பெண்ணே இல்லை என்றார். எதிர் வரிசைகளில் கூச்சல். கன்சர்வேட்டிவ் உறுப்பினர் டோனி பால்ட்ரி எழுந்து, இது முறையா என்று அவைத்தலைவரிடம் முறையிட்டார். ஜான் பெர்கோ, அவை மரபை மீறி எதுவும் நடக்கவில்லை என்று தீர்ப்புச் சொன்னார்.

தாட்சராகத் திரையில் மெரில் ஸ்ட்ரீப் வந்தாயிற்று, ‘தி கிரவுன்’ நான்காம் பருவத்தில் ஜில்லியன் ஆண்டர்சன் வந்தாயிற்று. இருவருக்கும் பெரிய விருதுகள். இன்னும் யாராவது வருவார்கள். அப்போது அந்த ஏப்ரல் வாரத்தைக் காட்ட நினைக்கும் எழுத்தாளர் எதிர்த்தரப்பு வசனத்துக்காக மண்டையைப் பிய்த்துக்கொள்ள வேண்டாம். அவைக்குறிப்பில் சொல்லுக்குச் சொல் இருக்கிறது.